பாஸ்டன் மாரத்தான்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

நீண்ட தூர ஓட்டத்தில் ஊறியவர்களிடம் பாஸ்டன் என்று சொல்லிப் பாருங்கள். "தகுதி நேரம் கிடைத்துவிட்டதா?" என்றுதான் உடனே கேட்பார்கள். பெருநகர மாரத்தான்கள் பலவற்றில் குலுக்கலில் பெயர் வந்தால் இடம் கிடைத்துவிடும். பாஸ்டனில் குலுக்கல் கிடையாது, வேறொரு மாரத்தானை வயதுக்கு உரிய நேரத்துக்குள் ஓடிக் காட்டித்தான் பெரும்பாலோர் வர வேண்டும். யார் உள்ளே வரலாம், யார் வரக்கூடாது என்ற வழக்கு இந்தப் போட்டியோடு சேர்ந்தே வளர்ந்தது. அதைத் தீர்த்தவர்கள் பெரும்பாலும் அந்தச் சாலையில் ஓடித்தான் தீர்த்தார்கள். கீழே உள்ள பதில்களில் அந்தக் கதைக்கே அதிக இடம் கொடுத்திருக்கிறேன்.

இந்தப் போட்டி எப்போது, எப்படித் தொடங்கியது?

1896இல் ஏதென்ஸில் முதல் நவீன ஒலிம்பிக்ஸ் நடந்தது. அமெரிக்காவிலிருந்து போன சிறிய அணியில் பாஸ்டன் தடகளச் சங்கத்து வீரர்கள் பலர் இருந்தார்கள். மாரத்தான் என்ற புதுமையை அவர்கள் அங்கேதான் கண்ணாரக் கண்டார்கள். அவர்களில் ஒருவரான ஆர்தர் பிளேக் அதில் ஓடவும் செய்தார். 1,500 மீட்டரில் இரண்டாம் இடம் பிடித்த அவரால் மாரத்தானைப் பாதிக்கு மேல் தாக்குப்பிடித்து முடிக்க முடியவில்லை. கிரேக்கரான ஸ்பிரிடோன் லூயிஸ் வென்றதைப் பார்த்துவிட்டு ஊர் திரும்பியவர்கள், அடுத்த ஆண்டே தங்கள் நகரில் ஒரு மாரத்தானை நடத்திவிட்டார்கள்.

அது 1897 ஏப்ரல் 19. நகருக்கு மேற்கே ஆஷ்லேண்ட் என்ற சிற்றூரில், ஓர் ஆலைக்கு அருகே 15 ஆண்கள் வரிசையாக நின்றார்கள். ஏதென்ஸில் 100 மீட்டரையும் 400 மீட்டரையும் வென்றிருந்த டாம் பர்க், மண் சாலையில் குதிகாலால் ஒரு கோடு கிழித்தார். பிறகு "ஓடுங்கள்!" என்று ஒரு குரல் கொடுத்தார். அவ்வளவுதான் தொடக்க விழா. நியூயார்க்கைச் சேர்ந்த ஜான் மெக்டெர்மட் கால் தசை பிடித்துக்கொண்டு இடையிடையே நடந்தும், நகருக்குள் எதிர்ப்பட்ட ஒரு சவ ஊர்வலத்தை ஊடுருவிக்கொண்டும் ஓடி, 2 மணி 55 நிமிடம் 10 விநாடியில் வென்றார். பதினைந்து பேரில் பத்துப் பேர் ஓட்டத்தை முடித்தார்கள். ஆண்டுதோறும் நடக்கும் மாரத்தான்களில் உலகிலேயே பழமையானது இதுதான்.

மற்ற ஊர்களில் ஞாயிற்றுக்கிழமை ஓடுகிறார்கள். பாஸ்டனில் மட்டும் ஏன் திங்கட்கிழமை?

1775 ஏப்ரல் 19 அன்று லெக்சிங்டன், கான்கார்ட் என்ற இரு ஊர்களில் பிரிட்டிஷ் படைக்கும் குடியேற்ற மக்களுக்கும் மோதல் மூண்டது. அமெரிக்க விடுதலைப் போர் அதிலிருந்துதான் தொடங்கியது. மாசசூசெட்ஸ் மாநிலம் அதைத் தேசபக்தர் நாள் என்று விடுமுறையாகக் கொண்டாடுகிறது. மாரத்தான் தொடக்கம் முதலே அந்த விடுமுறையோடு பிணைந்தது. 1969 முதல் விடுமுறை ஏப்ரல் மாதத்தின் மூன்றாவது திங்கட்கிழமைக்கு மாற்றப்பட்டதால் ஓட்டமும் அந்த நாளுக்கு வந்துவிட்டது. அதே நாள் காலையில் ஃபென்வே பார்க் மைதானத்தில் ரெட் சாக்ஸ் அணியின் பேஸ்பால் ஆட்டம் நடக்கும். ஆட்டம் முடிந்து வெளியே வரும் கூட்டம் நேராக மாரத்தான் பாதையோரம் வந்து நின்றுகொள்ளும்.

தூரம் ஆரம்பத்திலிருந்தே 42.195 கிலோமீட்டர்தானா?

இல்லை. முதல் ஓட்டம் ஏறக்குறைய 39.4 கிலோமீட்டர்தான். 42.195 என்ற கணக்கு 1908 லண்டன் ஒலிம்பிக்ஸில் பிறந்தது. 1921இல் அது பொது அளவாக ஏற்கப்பட்டது. அதற்கு ஈடுகொடுக்க 1924இல் பாஸ்டனின் தொடக்கக் கோட்டை ஆஷ்லேண்டிலிருந்து மேற்கே ஹாப்கின்டனுக்கு நகர்த்தினார்கள். அப்போதும் கொஞ்சம் தூரம் குறைந்தது, 1927இல்தான் சரியானது. பின்னர் 1950களில் சாலைகளைத் திருத்தி அமைத்ததால் பாதை மறுபடியும் குறுகிப்போனது. சில ஆண்டுகள் கழித்தே அதைக் கண்டுபிடித்து 1957இல் சரிசெய்தார்கள். அந்த இடைக்கால நேரங்களை மற்ற ஆண்டுகளோடு ஒப்பிடும்போது இதை மறந்துவிடக் கூடாது.

பாதை எப்படி இருக்கும்?

வரைபடத்தில் பார்த்தால் மேற்கிலிருந்து கிழக்காக இழுத்த ஒரு கோடு. ஹாப்கின்டன், ஆஷ்லேண்ட், ஃப்ரேமிங்ஹாம், நேட்டிக், வெல்லெஸ்லி, நியூட்டன், புரூக்லைன், பிறகு பாஸ்டன் என எட்டு ஊர்கள். ஓடுபவர்களை அதிகாலையில் நகரிலிருந்து மஞ்சள் நிறப் பள்ளிப் பேருந்துகளில் ஏற்றிக்கொண்டுபோய் ஹாப்கின்டனில் இறக்குகிறார்கள். வந்த தூரம் முழுவதையும் காலால் திரும்பிக் கடக்க வேண்டும். பேருந்துப் பயணம் முடிவே இல்லாமல் நீள்வதுபோல் தோன்றும் என்று ஓடியவர்கள் பலரும் சொல்வார்கள். அதைக் கேட்டாலே வயிற்றைப் பிசைகிறது.

தொடக்கம் ஒரு குறுகலான சாலை, அதுவும் சரிவு. பலரை ஏமாற்றுவது இந்தச் சரிவுதான். புதுத் தெம்பு, கூட்டத்தின் உற்சாகம், காலடியில் இறக்கம் என மூன்றும் சேர்ந்தால் வேகம் தானாகக் கூடிவிடும். இறக்கத்தில் ஓடும்போது தொடையின் முன்தசை ஒவ்வோர் அடிக்கும் உடலைப் பிடித்து நிறுத்துகிறது. அந்தச் சேதம் அப்போது தெரியாது, 26ஆவது கிலோமீட்டருக்கு மேல்தான் கணக்குக் கேட்கும். பாதி வழிக்குச் சற்று முன்பு வெல்லெஸ்லி பெண்கள் கல்லூரி வருகிறது. மாணவிகள் சாலையோரத் தடுப்பின் மேல் சாய்ந்துகொண்டு எழுப்பும் கூச்சல் வெகுதூரம் முன்பே காதில் விழும். அவர்கள் 1897இன் முதல் ஓட்டத்துக்கே வந்து கைதட்டியவர்கள். அந்த வழக்கம் இன்றுவரை விட்டுப்போகவில்லை.

நியூட்டனில் நான்கு மேடுகள். அவற்றைத் தாண்டினால் பாஸ்டன் கல்லூரி, பிறகு பீக்கன் தெரு, பிறகு தூரத்தில் சிட்கோ நிறுவனத்தின் முக்கோணச் சின்னம் போட்ட பெரிய விளம்பரப் பலகை. கண்ணுக்குத் தெரிந்தபின் வெகுநேரம் அது கிட்டவே வராது. அதைக் கடந்தால் இன்னும் ஒரு மைல்தான். வலப்பக்கம் ஹெரிஃபோர்ட் தெரு, இடப்பக்கம் பாய்ல்ஸ்டன் தெரு. அந்தக் கடைசித் திருப்பத்தில் திரும்பியதும், அரை கிலோமீட்டருக்குச் சற்று அப்பால், பொது நூலகத்துக்கு அருகே, நீலமும் மஞ்சளுமாகச் சாலையில் தீட்டிய இலக்குக் கோடு தெரியும்.

ஹார்ட்பிரேக் ஹில் அவ்வளவு பெரிய மலையா? அந்தப் பெயர் எப்படி வந்தது?

மலை என்றே சொல்ல முடியாது. நியூட்டனின் நான்கு மேடுகளில் கடைசி அது. ஏறக்குறைய 600 மீட்டர் தூரத்தில் 27 மீட்டர் உயர்கிறது. காலையில் நடைப்பயிற்சிக்குப் போகிறவர் மூச்சு வாங்காமல் ஏறிவிடலாம். ஆனால் அது 32ஆவது கிலோமீட்டரைத் தாண்டியபின் வருகிறது. உடலில் சேமித்த மாவுச்சத்து தீர்ந்துபோகும் நேரமும் அதுதான்.

பெயருக்குக் காரணம் 1936இல் ஒருவர் தோளில் விழுந்த ஒரு தட்டு. முந்தைய ஆண்டு வென்றிருந்த ஜானி கெல்லி, முன்னால் ஓடிக்கொண்டிருந்த எலிசன் பிரவுனை அந்த மேட்டில் துரத்திப் பிடித்தார். பிரவுன் நாராகான்செட் பழங்குடியைச் சேர்ந்தவர், டார்சன் என்று அழைப்பார்கள். பக்கத்தில் வந்த கெல்லி அவர் தோளில் ஒரு தட்டுத் தட்டிவிட்டுக் கடந்துபோனார். அது ஆறுதலோ விடைபெறலோ, பிரவுனுக்கு உறைத்துவிட்டது. அவர் விழித்துக்கொண்டு வேகம் பிடித்து, கெல்லியை மறுபடியும் முந்தி, போட்டியை வென்றார். கெல்லி ஐந்தாம் இடத்துக்குப் போனார். அவர் நெஞ்சம் உடைந்த இடம் என்று பாஸ்டன் குளோப் இதழின் ஜெர்ரி நேசன் எழுதியது அந்த மேட்டுக்குப் பெயராகவே நிலைத்துவிட்டது.

கெல்லியின் கதை அத்தோடு முடியவில்லை. அவர் 1945இல் மறுபடியும் வென்றார். மொத்தம் 61 முறை பாஸ்டனில் ஓடத் தொடங்கி 58 முறை முடித்தார். கடைசியாக 1992இல், தமது 84ஆவது வயதில் ஓடினார். அந்த மேட்டின் அடிவாரத்தில் அவருக்கு ஒரு சிலை இருக்கிறது: வென்ற இளைஞன் கெல்லியும் முதியவர் கெல்லியும் கைகோத்து ஓடுவதுபோல.

இங்கே ஓடிய நேரம் உலக சாதனையாக ஏன் ஏற்கப்படுவதில்லை?

சாதனைக்குரிய பாதைக்கு இரண்டு நிபந்தனைகள் உண்டு. தொடக்கத்துக்கும் முடிவுக்கும் இடையிலான நேர்க்கோட்டுத் தூரம் மொத்த ஓட்டத் தூரத்தில் பாதியைத் தாண்டக் கூடாது. கிலோமீட்டருக்கு ஒரு மீட்டருக்கு மேல் இறக்கம் இருக்கக் கூடாது, அதாவது மாரத்தானுக்கு 42 மீட்டர். பாஸ்டன் ஏறக்குறைய ஒரே திசையில் போகிறது, சுமார் 140 மீட்டர் இறங்குகிறது. இரண்டிலும் தோற்றுவிடும். 2011இல் பின்னாலிருந்து காற்று தள்ளிக்கொடுத்த நாளில் கென்யாவின் ஜெஃப்ரி முட்டாய் 2 மணி 3 நிமிடம் 2 விநாடியில் ஓடினார். அதுவரை மனிதர் எவரும் மாரத்தானை அவ்வளவு வேகமாக ஓடியதில்லை. ஆனாலும் உலக சாதனைப் பட்டியலில் அவர் பெயர் ஏறவில்லை. விதி நியாயமானதுதான். ஆனால் இந்த இறக்கத்தை வைத்துப் பாஸ்டன் எளிது என்று முடிவு கட்டுகிறவர்கள் நியூட்டனுக்கு ஒருமுறை வந்து பார்க்க வேண்டும்.

பெண்கள் எப்போது முதல் ஓடுகிறார்கள்?

அதிகாரப்பூர்வமாக 1972 முதல். உண்மையில் 1966 முதல். இந்த ஆறு ஆண்டு இடைவெளிதான் பாஸ்டன் வரலாற்றின் இதயம் என்று நான் கருதுகிறேன்.

பாபி கிப் என்ற 23 வயதுப் பெண் 1966இல் விண்ணப்பம் கேட்டுக் கடிதம் எழுதினார். பெண்களின் உடல் அவ்வளவு தூரம் ஓடத் தாங்காது, விதிகளும் இடம் தராது என்று போட்டி இயக்குநர் வில் குளோனியிடமிருந்து பதில் வந்தது. கலிஃபோர்னியாவில் இருந்த கிப் பஸ் ஏறி, நாட்டைக் குறுக்காகக் கடந்து, ஓட்டத்துக்கு முந்தைய நாள் பெற்றோர் வீட்டுக்கு வந்து சேர்ந்தார். பெண்களுக்கென்று ஓட்டக் காலணி அப்போது விற்கவில்லை, பையன்களுக்கான காலணியைப் போட்டுக்கொண்டார். தம்பியின் அரைக்கால் சட்டையை அணிந்து, முகம் தெரியாதபடி தலைமூடி வைத்த மேல்சட்டையையும் மாட்டிக்கொண்டார். தொடக்கக் கோட்டுக்கு அருகே ஒரு புதரில் ஒளிந்திருந்து, கூட்டத்தில் பாதி கடந்தபின் நைசாக உள்ளே கலந்தார்.

பின்னால் வந்த ஆண்களுக்குச் சிறிது நேரத்திலேயே விஷயம் தெரிந்துவிட்டது. மேல்சட்டை புழுங்கியது. கழற்றினால் பிடித்து வெளியே தள்ளிவிடுவார்களோ என்று அவர் தயங்கியபோது, "நாங்கள் இருக்கிறோம், யாரையும் விட மாட்டோம்" என்று பக்கத்தில் ஓடியவர்கள் தைரியம் சொன்னார்கள். அவர் அதைக் கழற்றினார். செய்தி வானொலி வழியே முன்னால் ஓடியது. வெல்லெஸ்லியில் மாணவிகள் காத்திருந்தார்கள். அவர் 3 மணி 21 நிமிடம் 40 விநாடியில் முடித்தபோது ஓடியவர்களில் ஏறக்குறைய மூன்றில் இரண்டு பங்கினர் அவருக்குப் பின்னால் இருந்தார்கள். மாநில ஆளுநரே வந்து கைகுலுக்கினார். அதிகாரப்பூர்வ முடிவுப் பட்டியலில் மட்டும் அவர் இல்லை.

அடுத்த ஆண்டு நடந்ததுதான் உலகம் அறிந்த புகைப்படம். சிராக்யூஸ் பல்கலைக்கழக மாணவி கேத்ரின் சுவிட்சர் கே. வி. சுவிட்சர் என்று கையெழுத்திட்டு விண்ணப்பித்து, 261 என்ற எண்ணை முறையாகவே வாங்கிவிட்டார். சில கிலோமீட்டர் ஓடியபின், பத்திரிகையாளர் வண்டியோடு வந்த போட்டி அதிகாரி ஜாக் செம்பிள் அவரைப் பார்த்துவிட்டார். கீழே குதித்துப் பாய்ந்து வந்து, அவரைப் பிடித்து, மார்பில் குத்தியிருந்த எண்ணைப் பிய்க்க முயன்றார். சுவிட்சரோடு ஓடிய நண்பர் டாம் மில்லர் சம்மட்டி எறியும் வீரர். அவர் தோளால் இடித்த இடியில் செம்பிள் பாதையை விட்டே விலகிப் போனார். படக்கருவிகள் எல்லாவற்றையும் பதிவு செய்துகொண்டன. சுவிட்சர் நான்கு மணி நேரத்துக்குச் சற்று மேல் எடுத்துக்கொண்டு ஓட்டத்தை முடித்தார். அதே நாளில் எண் இல்லாமல் ஓடிய பாபி கிப் அவருக்கு ஏறக்குறைய ஒரு மணி நேரம் முன்பே முடித்துவிட்டார் என்பதை அந்தப் படம் மறைத்துவிட்டது. சுவிட்சரின் துணிவைக் குறைத்துச் சொல்ல நான் இதை எழுதவில்லை. கிப்பின் பெயர் எப்போதும் இரண்டாவதாகவே வருவதுதான் எனக்கு வருத்தம்.

செம்பிளைப் பற்றியும் ஒரு சொல். ஸ்காட்லாந்தில் பிறந்து, தாமே மாரத்தான் ஓடி, வாழ்நாளின் பெரும்பகுதியை இந்தப் போட்டிக்குக் கொடுத்தவர் அவர். விதியைக் காப்பது தம் கடமை என்று நம்பினார். விதி மாறியபின் மனமும் மாறினார். 1973இல் தொடக்கக் கோட்டில் சுவிட்சரின் கன்னத்தில் முத்தமிட்டுச் சமாதானமானார்.

1972இல் பெண்களுக்கு வாசல் திறந்தபோது எட்டுப் பேர் நின்றார்கள், எட்டுப் பேரும் முடித்தார்கள். நினா குசிக் வென்றார். 1996இல் பழைய கணக்கு திருத்தப்பட்டது. 1966 முதல் 1968 வரை பாபி கிப், 1969 முதல் 1971 வரை சாரா மே பெர்மன் என்று வெற்றியாளர் பட்டியலில் பெயர்கள் சேர்ந்தன. 2017இல் 70 வயதான சுவிட்சர் அதே 261ஐக் குத்திக்கொண்டு மறுபடியும் ஓடினார். அதன்பின் அந்த எண்ணை வேறு யாருக்கும் தருவதில்லை. ஹாப்கின்டனில் இப்போது ஓடும் பெண்ணின் வெண்கலச் சிலை ஒன்று நிற்கிறது. அது பாபி கிப்பின் உருவம். வடித்தவரும் அவரே, அவர் சிற்பியும்கூட.

சக்கர நாற்காலிப் பிரிவு எப்படி வந்தது?

இதுவும் வாசலில் நின்று கேட்டுப் பெற்றதுதான். 1975இல் பாப் ஹால் சக்கர நாற்காலியில் கலந்துகொள்ள அனுமதி கேட்டார். மூன்று மணி நேரத்துக்குள் முடித்தால் மற்றவர்களுக்குத் தரும் அதே சான்றிதழ் தருகிறோம் என்று குளோனி வாக்குக் கொடுத்தார். ஹால் 2 மணி 58 நிமிடத்தில் வந்து சேர்ந்தார். இன்று அந்தப் பிரிவின் வேகம் வியக்க வைக்கிறது. 2024இல் சுவிட்சர்லாந்தின் மார்செல் ஹூக் நியூட்டன் பகுதித் திருப்பமொன்றில் தடுப்பில் மோதிக் கவிழ்ந்து, நிமிர்ந்து, மறுபடியும் ஓட்டி, 1 மணி 15 நிமிடம் 33 விநாடியில் பாதைச் சாதனையே படைத்துவிட்டார்.

டிக் ஹாய்ட், ரிக் ஹாய்ட் என்ற தந்தையும் மகனும் வேறு வகை. பெருமூளை வாதத்தோடு பிறந்த ரிக்கை நாற்காலியில் வைத்துத் தள்ளிக்கொண்டே டிக் ஓடினார். அதிகாரப்பூர்வ எண் வேண்டுமென்றால் தந்தையின் வயதுக்கு உரியது போதாது, மகனின் இளம் வயதுக்கு உரிய தகுதி நேரம் வேண்டும் என்றார்கள். டிக் இன்னொரு மாரத்தானில் மகனைத் தள்ளிக்கொண்டு 2 மணி 45 நிமிடத்தில் ஓடிக் காட்டினார். இருவரும் சேர்ந்து 32 பாஸ்டன் மாரத்தான்கள் ஓடினார்கள். கடைசி 2014இல். தொடக்கக் கோட்டுக்கு அருகே அவர்களுக்கும் சிலை உண்டு.

நடுவில் ரயில் வந்து ஓட்டத்தை மறித்த கதை உண்மையா?

உண்மை. 1907இல் ஃப்ரேமிங்ஹாமில் ஒரு சரக்கு ரயில் பாதையின் குறுக்கே வந்தது. முன்னணியில் இருந்த டாம் லாங்போட்டும் சிலரும் அது வருவதற்குள் தாண்டிவிட்டார்கள். மற்றவர்கள் ஒரு நிமிடத்துக்கு மேல் நின்று பெட்டிகளை எண்ண வேண்டியதாயிற்று. கனடாவின் ஒனண்டாகா பழங்குடியைச் சேர்ந்த லாங்போட் அன்று வென்றார். ஆனால் ரயில்தான் வெற்றியைக் கொடுத்தது என்பது அநியாயம். முந்தைய சிறந்த நேரத்தைவிட ஏறக்குறைய ஐந்து நிமிடம் குறைவாக அவர் ஓடியிருந்தார்.

ஏமாற்றி வென்றவர் யார்?

ரோசி ரூயிஸ், 1980. பெண்களில் முதலாவதாக 2 மணி 31 நிமிடம் 56 விநாடியில் வந்தார். முகத்தில் களைப்பே இல்லை, வழியிலிருந்த சோதனைச் சாவடிகளில் அவரைப் பார்த்தவரும் இல்லை. இலக்குக்குச் சற்று முன்பு கூட்டத்திலிருந்து வெளியே வந்து ஓடத் தொடங்கியதைக் கண்டவர்கள் சொன்னார்கள். எட்டு நாளில் பட்டம் பறிக்கப்பட்டது. உண்மையான வெற்றியாளர் கனடாவின் ஜாக்குலின் கரோ. நினைவில் வைக்க வேண்டிய பெயர் அதுதான். வெற்றிக் கோட்டைக் கடந்த அந்த ஒரு கணத்தை யாராலும் அவருக்குத் திருப்பிக் கொடுக்க முடியவில்லை.

மற்ற நாட்டவர் எப்போது வரத் தொடங்கினார்கள்?

மிக முன்பே. கனடா, பின்லாந்து, கொரியா, ஜப்பான் என்று அலை அலையாக வந்தார்கள். 1950இல் முதல் மூன்று இடங்களும் கொரியர்களுக்கே. 1988இல் கென்யாவின் இப்ராகிம் ஹுசைன் ஒரே ஒரு விநாடி முந்தி வென்று, இங்கே வென்ற முதல் ஆப்பிரிக்கர் ஆனார். அதன்பின் பெரும்பாலும் கென்யாவும் எத்தியோப்பியாவும்தான். காலால் ஓடும் பிரிவில் மிக அதிகமாக வென்றவர் என்ற பெருமை இன்னும் உள்ளூர்க்காரரான கிளாரன்ஸ் டிமாருக்கே: 1911 முதல் 1930 வரை ஏழு முறை.

அந்நிய வெற்றியாளர்களில் என்னை மிகவும் தொட்டவர் 1946இல் வென்ற கிரேக்கர் ஸ்டிலியானோஸ் கிரியாகிடிஸ். நாஜி ஆக்கிரமிப்பின் பட்டினியைத் தாண்டி வந்தவர், உடம்பு எலும்பும் தோலுமாக இருந்தது. கெல்லியை முந்தி 2 மணி 29 நிமிடம் 27 விநாடியில் வென்ற கையோடு, பசியில் வாடும் தம் மக்களுக்காக அமெரிக்காவில் உதவி திரட்டினார்.

வெற்றியாளருக்கு என்ன கிடைக்கும்?

பல பத்தாண்டுகள் ஒலிவ இலை வளையமும் பதக்கமும் கைதட்டலும்தான். 1986இல்தான் பரிசுப் பணம் வந்தது. அந்த ஆண்டு வென்ற ஆஸ்திரேலியாவின் ராப் டி காஸ்டெல்லாவுக்கு 30,000 டாலர் முதல் பரிசும் ஒரு காரும் கிடைத்தன. 2025இல் வயது வாரியாகப் பிரிக்காத ஆண், பெண் பொதுப் பிரிவு வெற்றியாளர்களுக்குத் தலா 1,50,000 டாலர். பணம் வந்ததால் போட்டியின் தூய்மை போய்விட்டது என்று அப்போது புலம்பியவர்கள் உண்டு. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. வந்திராவிட்டால் சிறந்த வீரர்கள் வேறு நகரங்களுக்குப் போயிருப்பார்கள்.

2013இல் என்ன நடந்தது?

ஏப்ரல் 15, பிற்பகல் 2:49. முன்னணியினர் முடித்து இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகியிருந்தது. சாதாரண ஓட்டக்காரர்கள் வந்துகொண்டிருந்தார்கள். அவர்களுடைய குடும்பத்தினர் பாய்ல்ஸ்டன் தெருவின் ஓரத்தில் நெருக்கியடித்து நின்றார்கள். இலக்குக் கோட்டுக்கு அருகே ஒரு குண்டும், சில விநாடிகளில் சற்றுத் தள்ளி இன்னொன்றும் வெடித்தன. எட்டு வயதுச் சிறுவன் ஒருவனும் இரண்டு இளம் பெண்களும் இறந்தார்கள். 260க்கும் மேற்பட்டோர் காயமடைந்தார்கள், பலர் கால்களை இழந்தார்கள். நீர் வற்றியவர்களுக்கும் தசை பிடித்தவர்களுக்கும் என்று அமைத்திருந்த மருத்துவக் கூடாரம் அந்த நொடியிலேயே போர்முனை மருத்துவமனையாக மாறியது. மருத்துவமனைக்குக் கொண்டுசெல்லப்பட்ட காயமடைந்தவர்கள் அனைவரும் பிழைத்தார்கள். இடுப்பு வாரையும் சட்டையையும் கழற்றிக் கால்களில் இறுகக் கட்டிய வழிப்போக்கர்களுக்கும் அதில் பங்கு உண்டு.

அன்று ஆண்களில் வென்ற எத்தியோப்பியாவின் லெலிசா டெசிசா தமது பதக்கத்தைப் பாஸ்டன் நகரத்துக்கே திருப்பிக் கொடுத்தார். பாதியில் நிறுத்தப்பட்ட 5,600க்கும் மேற்பட்டோருக்கு அடுத்த ஆண்டு மறுபடியும் ஓட இடம் தரப்பட்டது. 2014இல் மெப் கெஃப்லெசிகி, இறந்தவர்களின் பெயர்களைத் தம் எண் அட்டையின் மூலைகளில் எழுதிக்கொண்டு ஓடினார். எரித்திரியாவில் பிறந்து சிறுவயதில் அகதியாக வெளியேறிய அவருக்கு இன்னும் சில நாளில் 39 வயது. யாரும் அவரை எதிர்பார்க்கவில்லை. 2 மணி 8 நிமிடம் 37 விநாடியில் வென்று, 1983க்குப் பின் பாஸ்டனை வென்ற முதல் அமெரிக்க ஆண் ஆனார்.

போட்டி எப்போதாவது நின்றிருக்கிறதா?

1918இல் முதல் உலகப் போர் காரணமாகத் தனிநபர் ஓட்டத்துக்குப் பதில் ராணுவ அணிகளின் தொடர் ஓட்டம் நடந்தது. 2020இல் கொரோனாவால் முதன்முறையாகச் சாலை ஓட்டம் ரத்தானது. 2021இல் அக்டோபருக்குத் தள்ளிப்போனது.

மோசமான வானிலையில்?

ஓடுவார்கள். ஏப்ரல் மாதப் பாஸ்டனை நம்ப முடியாது. 1976இல் கடும் வெயில். வழியெங்கும் மக்கள் தோட்டக் குழாயைப் பிடித்து ஓடுபவர்கள் மேல் தண்ணீர் பீய்ச்சினார்கள். 2018இல் நேர்மாறு: கொட்டும் மழை, எதிர்க்காற்று, விறைக்கும் குளிர். முன்னணி வீரர்கள் ஒவ்வொருவராக விலகினார்கள். ஜப்பானில் அரசு அலுவலக வேலை பார்த்துக்கொண்டே ஓடிவந்த யுகி கவாவுச்சி வென்றார். பெண்களில் டெசிரே லிண்டன் அன்று தம்மால் முடிக்க முடியாது என்றே நினைத்தார். சக வீராங்கனை ஷாலேன் ஃபிளானகன் கழிப்பறைக்கு ஒதுங்கியபோது வேகத்தைக் குறைத்துக் காத்திருந்து, அவரை மீண்டும் கூட்டத்தோடு சேர்த்துவிட்டார். கடைசியில் லிண்டனே வென்றார்.

நானும் ஓட வேண்டும். தகுதி பெறுவது எப்படி?

அங்கீகரிக்கப்பட்ட பாதையில், குறித்த காலத்துக்குள், உங்கள் வயதுக்கும் பிரிவுக்கும் உரிய நேரத்துக்குள் ஒரு முழு மாரத்தானை முடித்திருக்க வேண்டும். 2026ஆம் ஆண்டுக்கான அளவு 18 முதல் 34 வயது வரையான ஆண்களுக்கு 2 மணி 55 நிமிடம், பெண்களுக்கு 3 மணி 25 நிமிடம். வயது ஏற ஏற நேரம் கூடும். 60 முதல் 64 வயது வரை ஆண்களுக்கு 3 மணி 50 நிமிடம், பெண்களுக்கு 4 மணி 20 நிமிடம். கூட்டம் சேரச் சேர இந்த அளவு இறுகிக்கொண்டே வருகிறது. 1970இல் நான்கு மணி நேரத்துக்குள் ஓடப் பயிற்சி எடுத்திருக்கிறேன் என்று ஒரு சான்று தந்தால் போதுமாக இருந்தது.

பலர் சறுக்கும் இடம் ஒன்று உண்டு. தகுதி நேரம் வந்துவிட்டது என்பதால் இடம் உறுதி ஆகிவிடாது. விண்ணப்பங்கள் இடங்களைவிட அதிகமானால், வேகமானவர்களிலிருந்து நிரப்பிக்கொண்டே வருவார்கள். 2025ஆம் ஆண்டு ஓட்டத்துக்குத் தகுதி அளவைவிட 6 நிமிடம் 51 விநாடி வேகமாக ஓடியிருந்தால்தான் இடம் கிடைத்தது. ஆறரை நிமிடம் முன்கூட்டியே முடித்தவர்கூட வெளியே நின்றார். ஆகவே இலக்கை அட்டவணையில் உள்ள நேரமாக வைக்காதீர்கள், அதற்குக் கீழே ஏழெட்டு நிமிடம் தள்ளி வையுங்கள். செங்குத்தாக இறங்கும் மலைப் பாதைகளில் ஓடித் தகுதி பெறும் வழியும் 2027 முதல் அடைபடுகிறது. 457 மீட்டருக்கு மேல் இறங்கும் பாதைகளில் பெற்ற நேரத்தோடு ஐந்து நிமிடமோ பத்து நிமிடமோ சேர்த்துக் கணக்கிடுவார்கள். மிக அதிகமாக இறங்கும் பாதைகளை ஏற்கவே மாட்டார்கள்.

அவ்வளவு வேகம் வராதவர்களுக்கு வழியே இல்லையா?

இருக்கிறது. தொண்டு அமைப்பு ஒன்றின் சார்பில் நிதி திரட்டி ஓடலாம். 1989 முதல் இந்த வழி உண்டு. புற்றுநோய் ஆராய்ச்சிக்காகவும் மருத்துவமனைகளுக்காகவும் ஆயிரக்கணக்கானோர் இப்படி ஓடுகிறார்கள். உழைத்து வாங்கிய எண்களுக்கு நடுவே இவை எதற்கு என்று சிலர் முணுமுணுப்பதுண்டு. முணுமுணுப்பவர்கள் ஒருமுறை பாய்ல்ஸ்டன் தெருவில் பிற்பகல் நான்கு மணிவரை நிற்கட்டும். வேகமானவர்கள் எல்லாரும் குளித்து உடை மாற்றிப் போனபின், கால் இழுத்துக்கொண்டு, இறந்துபோன யாரோ ஒருவரின் படத்தை முதுகில் குத்திக்கொண்டு, ஒவ்வொருவராக அந்தத் திருப்பத்தில் திரும்புவார்கள். தெருவோரம் நிற்கும் கூட்டம் அப்போதும் கலைந்திருக்காது.